பாதுகாப்பு வலயத்துக்குள் படக்கருவி: ‘நோ ஃபயர் ஸோன்’ ஆவணப்படத்தை முன்வைத்து

இலங்கையின் வன்னிப் பகுதியில் 2009ஆம் ஆண்டு சனவரி முதல் மே வரை நிகழ்ந்த பொதுமக்கள் படுகொலையைப் பொருளாகக் கொண்ட ஆவணப்படங்களுள், கெலம் மக்ரே இயக்கிய ‘நோ ஃபயர் ஸோன்’ (2013) உலக அரங்கில் மிகுதியாகப் பேசப்பட்ட ஒன்றாகும். பிரித்தானியாவின் சேனல் 4 தொலைக்காட்சி 2011 சூன் மாதத்தில் ஒளிபரப்பிய ‘இலங்கையின் கொலைக்களங்கள்’, 2012 மார்ச்சில் ஒளிபரப்பிய அதன் தொடர்ச்சி ஆகிய இரண்டிற்கும் பின்னர், அவற்றின் பொருளைத் திரட்டியும் புதிய சான்றுகளைச் சேர்த்தும் இப்படம் உருவாக்கப்பட்டது. ஜெனீவாவில் ஐக்கிய நாடுகளின் மனித உரிமை மன்றம் கூடியிருந்த 2013 மார்ச்சில் அது முதன்முதலாகத் திரையிடப்பட்டது. திரையிடப்பட்ட இடமும் காலமும் படத்தின் உள்ளமைப்பையே தீர்மானித்துள்ளன என்பது இக்கட்டுரையின் கருத்து.

தமிழில் இப்படத்தைப் பற்றி வெளிவந்த எழுத்துகள் பெரும்பாலும் அதனை ஒரு சான்றாகப் போற்றுகின்றன. இலங்கை அரசோ சேனல் 4 படங்களைப் புனைவு எனத் தள்ளியது. 2011 ஆகஸ்டில் அந்நாட்டுப் பாதுகாப்பு அமைச்சு மறுப்புப் படம் ஒன்றையும் வெளியிட்டது. இரு சாராரும் கேட்டது ஒரே வினாவைத்தான்: காட்டப்படுவது மெய்யா, பொய்யா? இவ்வினாவிற்கு விடை தேடும் பணியை வல்லுநர்கள் முன்னரே மேற்கொண்டுள்ளனர். கைகள் பின்புறம் கட்டப்பட்ட ஆடவர்கள் சுட்டுக் கொல்லப்படும் காணொளியை ஆராய்ந்த வல்லுநர்களின் முடிவைக் கொண்டு, அது மெய்யானதாகவே தோன்றுகிறது என்று ஐ.நா. சிறப்பு அறிக்கையாளர் பிலிப் ஆல்ஸ்டன் 2010 சனவரியிலேயே அறிவித்தார். ஆகவே திறனாய்வாளர் அவ்வினாவிலேயே தங்கிவிடத் தேவையில்லை. இப்படம் யாரிடம் பேசுகிறது? தமிழில் கேட்கும் ஒருவருக்கு அதில் எஞ்சுவது யாது? இவை கேட்கப்பட வேண்டியவை.

பெயரும் பொருளும்

படத்தின் தலைப்பிலிருந்து தொடங்கலாம். ‘நோ ஃபயர் ஸோன்’ என்னும் ஆங்கிலத் தொடர் சுடுபவனை நோக்கியது. இவ்விடத்தில் சுடாதே என்று படைவீரனுக்குச் சொல்லும் ஆணை அது. வன்னி மக்களிடையே வழங்கிய ‘பாதுகாப்பு வலயம்’ என்னும் தமிழ்த்தொடரோ சுடப்படுபவரை நோக்கியது. இங்கே வாருங்கள், காப்பு உண்டு என்று அவர்களுக்கு அளிக்கப்படும் வாக்குறுதி அது. ஒரே நிலப்பகுதிக்கு இட்ட இரு பெயர்களுக்கிடையே இத்துணை வேறுபாடு இருப்பது மொழிபெயர்ப்பாளரின் கவனக்குறைவால் நேர்ந்ததன்று. அரசு 2009 சனவரி 21, பெப்ரவரி 12, மே 8 ஆகிய நாள்களில் மூன்று முறை இவ்வலயத்தை அறிவித்தது. ஒவ்வொரு முறையும் பரப்புச் சுருங்கியது. மக்கள் மேலும் நெருக்கமாகக் குவிந்தனர். இரண்டாம் வலயம் புதுமாத்தளனைச் சார்ந்த ஏறத்தாழ 14 சதுரக் கிலோமீட்டர் கடற்கரைத் துண்டு. ஆணை மீறப்பட்டபோது வாக்குறுதி பொறியாயிற்று. ஆங்கிலத் தலைப்பைக் காண்பவர் மீறப்பட்ட ஆணையை மட்டும் காண்பார். தமிழ்த்தொடரை அறிந்தவருக்கு நம்பிச் சென்றவரின் கால்தடமும் அதனுள் தெரியும்.

இவ்விடத்தில் புறநானூற்றின் 9ஆம் பாடல் தமிழாசிரியர் எவருக்கும் நினைவுக்கு வராமல் இராது. பல்யாகசாலை முதுகுடுமிப் பெருவழுதியை நெட்டிமையார் பாடிய அப்பாட்டு, அம்பு தொடுக்குமுன் ஆக்கள், பார்ப்பனர், பெண்டிர், பிணியுற்றோர், மூதாதையர்க்குரிய கடனை ஆற்றும் புதல்வரைப் பெறாதோர் ஆகியோர்க்கு முன்னறிவிப்புச் செய்வதை அம்மன்னனின் அறமாகக் கூறுகிறது. போர்மரபைப் பற்றி வகுப்பறையில் பேசும்போது நாம் பெருமிதத்துடன் எடுத்துக்காட்டும் பாட்டு இது. அப்பெருமிதத்தில் சிறிது கலங்கல் உண்டு. பகைவர் ஊரை எரியூட்டுவதையும் விளைநிலத்தைப் பாழாக்குவதையும் புகழும் பாடல்கள் அதே தொகையில் பல உள்ளன. எனினும் 9ஆம் பாடலின் சொல்லாட்சியில் ஒன்று நோக்கத்தக்கது: மக்கள் சென்று சேர வேண்டியது அவர்களுக்கே உரிய காப்பிடத்தை. அதனைத் தேர்ந்து தருபவன் எய்பவன் அல்லன். வன்னியில் காப்பிடத்தைத் தேர்ந்து, எல்லை வகுத்து, வரைபடத்தில் குறித்தவர் பீரங்கியையும் வைத்திருந்தவரே. இவ்வேறுபாட்டைப் படம் காட்டுகிறது. ஆயின் மரபை அறிந்த தமிழ்வாசகர் இன்றி அதன் முழுப்பொருள் வெளிப்படுவதில்லை.

மருத்துவமனைகள் பற்றிய பகுதி இதனினும் கொடிது. தாக்காமல் இருக்கும் பொருட்டு மருத்துவமனைகளின் இருப்பிடக் குறிப்புகள் செஞ்சிலுவைச் சங்கத்தின் வழியாகப் படைத்தரப்பிற்கு அளிக்கப்பட்டன. அவ்வாறு அளிக்கப்பட்டபின் எறிகணைகள் வந்து விழுந்தமையால், இனி எங்கள் இடத்தைத் தெரிவிக்க வேண்டாம் என்று மருத்துவர்களே வேண்டிக்கொள்ளும் நிலை ஏற்பட்டது. முகவரியே ஆபத்தான ஒரு நிலத்தில் ‘வலயம்’ என்னும் சொல்லுக்கு, சூழ்ந்து காப்பது என்பதைவிடச் சூழ்ந்து பிடிப்பது என்னும் பொருளே பொருந்தும்.

யாரை நோக்கிய படம்?

படத்தின் தொடக்கப் பகுதி 2008 செப்டம்பரில் கிளிநொச்சியில் நடந்ததைக் காட்டுகிறது. ஐ.நா. பணியாளர்கள் வெளியேற ஆயத்தமாகின்றனர். வாயிற்கதவுக்கு வெளியே திரண்ட மக்கள் போகாதீர்கள் என்று மன்றாடுகின்றனர். இக்காட்சி வளாகத்தின் உட்புறத்திலிருந்து எடுக்கப்பட்டது. ஆகவே பார்வையாளர் நிற்கும் இடமும் கதவின் உட்புறமே. வெளியேறப் போகிறவரின் கண்வழியாகக் கைவிடப்படுவோரை நோக்குமாறு நாம் அமர்த்தப்படுகிறோம். மேலைநாட்டுப் பார்வையாளரின் மனச்சான்றைத் தொடுவதற்கு இதனினும் சிறந்த தொடக்கம் இருத்தல் அரிது. பணியாளராக அன்று அங்கிருந்த பெஞ்சமின் டிக்ஸ் குற்றவுணர்வுடன் பேசும்போது அவ்வுணர்வு பார்ப்பவரையும் பற்றுகிறது. கதவுக்கு வெளியே நிற்பவர் பேசும் மொழியையே தாமும் பேசும் பார்வையாளர் எங்கே நிற்பது என்பதைப் படம் எண்ணிப் பார்க்கவில்லை.

ஆங்கில வருணனை படம் முழுதும் தொடர்ந்து வருகிறது. அதற்கு அடியில், ஒலியளவு குறைக்கப்பட்டு, தமிழ் ஓடிக்கொண்டிருக்கிறது: அழுகை, அழைப்பு, வசவு, வேண்டுதல். அடித்தலைப்பு அவற்றுள் சிலவற்றைத் தெரிந்து மொழிபெயர்க்கிறது. எஞ்சியவை பின்னணி ஒலியாகின்றன. தமிழறியாதார்க்கு அது துயரத்தின் ஓசை. தமிழறிந்தார்க்கோ அவை சொற்கள். பிணத்தருகே அமர்ந்து அழும் பெண் படக்கருவியிடம் பேசுவதில்லை. இறந்தவரை முன்னிலைப்படுத்தி அவரிடமே பேசுகிறாள். நம் ஒப்பாரியின் அடிப்படை இலக்கணம் அதுவே. முன்னிலையில் அமைந்த அக்கூற்று, அடித்தலைப்பில் படர்க்கைச் செய்தியாக மாறும்போது ஒப்பாரி வாக்குமூலம் ஆகிவிடுகிறது. வழக்குமன்றத்திற்கு வாக்குமூலம் போதும்.

படத்தின் முதன்மைச் சாட்சிகளுள் ஒருவரான வாணி குமார் பிரித்தானியாவில் வளர்ந்த தமிழ்ப்பெண். உறவினரைக் காணச் சென்ற இடத்தில் போரில் அகப்பட்டு, தற்காலிக மருத்துவமனைகளில் தொண்டாற்றியவர். மயக்கமருந்தின்றிச் செய்யப்பட்ட உறுப்பு நீக்கங்களைப் பற்றி அவர் கூறும் பகுதியை எளிதில் மறக்க இயலாது. அவர் அதனை ஆங்கிலத்தில் கூறுகிறார். ஆகவே அவர் குரலின் மீது வேறு குரல் ஏறுவதில்லை. அவருடைய சாட்சியத்தின் மதிப்பை இது சிறிதும் குறைக்காது. ஆயினும் ஆங்கிலம் அறிந்தவரின் சாட்சியம் அவருடைய சொந்தக் குரலிலும், அறியாதவரின் சாட்சியம் பிறர் தந்த சொல்லிலும் கேட்கப்படுகின்றன என்னும் உண்மையைத் திறனாய்வு பதிவுசெய்தாக வேண்டும்.

இதற்குப் படக்குழுவினரை மட்டும் குறைகூறுதல் நேர்மையாகாது. இக்கட்டுரையாளர் முனைவர் பட்ட ஆய்வின் பொருட்டு இலண்டனில் தங்கியிருந்த காலத்தில், 2009 ஏப்ரல் முதல் நாடாளுமன்றச் சதுக்கத்தில் தமிழர் நடத்திய தொடர் போராட்டத்தைக் கண்டதுண்டு. பதாகைகள் பெரும்பாலும் ஆங்கிலத்தில் இருந்தன. ஊடகத்தினர் வந்தால் ஆங்கிலத்தில் முழங்க வேண்டும் என்று இளைஞர்கள் ஒருவருக்கொருவர் சொல்லிக்கொண்டனர். இரவில், ஊடகத்தினர் சென்றபின், முதிய பெண்கள் சிலர் தமிழில் அழுதனர். உலகிடம் பேசுவதற்கு ஒரு மொழி, தம்முள் பேசுவதற்கு வேறொரு மொழி என்னும் பிளவு படத்திற்கு முன்னரே நம்மிடம் இருந்தது.

சேனல் 4 வெளியிட்ட 2011ஆம் ஆண்டுப் படத்தில் ஒரு கணம் வருகிறது. பதுங்குகுழிக்குள் கிடக்கும் பெண்ணொருத்தி, வெளியே நின்று படம்பிடிப்பவரை நோக்கிக் கதறுகிறாள்: படம் எடுக்காதே, உள்ளே வந்துவிடு, எல்லாரையும் கொல்கிறார்கள், இந்தப் படத்தை வைத்து என்ன செய்யப் போகிறாய் என்பது அவள் கூற்றின் சாரம். ஆவணப்படக் கோட்பாட்டு நூல்கள் பலவும் பல பக்கங்களில் எழுப்பும் வினாவை அவள் எறிகணைக்கு நடுவே எழுப்பிவிட்டாள். அவள் படமெடுப்பவரைப் பழிக்கவில்லை என்பது கவனத்திற்குரியது. அவர் உயிரைக் காக்க விரும்புகிறாள். படத்தைவிட எடுப்பவரே பெரிது என்கிறாள். படம் அவளுடைய வினாவைச் சான்றாகக் காட்டி மேற்செல்கிறது. விடை கூறுவது பார்ப்பவரின் பொறுப்பாக விடப்படுகிறது.

இரு படக்கருவிகள்

இப்படத்தில் இருவேறு படக்கருவிகளின் காட்சிகள் அடுத்தடுத்து வருகின்றன. ஒன்று சாகக்கூடியவரின் கையில் இருந்தது; மற்றது கொன்றவரின் கையில் இருந்தது. முதல்வகைக் காட்சிகளில் படம் நடுங்குகிறது, கீழே விழுகிறது, மண்ணைக் காட்டுகிறது. இரண்டாம்வகைக் காட்சிகளில், படைவீரர் தம் கைப்பேசியில் பதிவுசெய்த வெற்றிச் சின்னங்களில், நடுக்கமில்லை, எடுப்பவர்க்கு அவசரமுமில்லை. வருணனை இல்லாமலே இவ்வேறுபாடு யார் எந்நிலையில் இருந்தார் என்பதை உணர்த்திவிடுகிறது. படத்தின் மிக வலிய கலைக்கூறு இதுவே. இயக்குநர் இதனைச் சுட்டி விளக்காமல் விட்டிருப்பது அவருடைய நுண்ணறிவைக் காட்டுகிறது.

இரண்டாம்வகைக் காட்சிகளைக் கையாள்வதில் அறம்சார் சிக்கல் ஒன்றுண்டு. கொன்றவர் தம் களிப்பிற்காக எடுத்ததை நாம் மீண்டும் திரையில் காணும்போது அவர் பார்வையில் நாமும் பங்குகொள்கிறோம் அல்லவா? செய்தி வாசிப்பாளர் இசைப்பிரியாவின் உடல் காட்டப்படும் பகுதியில் இக்கேள்வி கூர்மையடைகிறது. அவர் சண்டையில் இறந்தார் என்று படைத்தரப்புக் கூறியிருந்தது. உயிருடன் பிடிக்கப்பட்டதைக் காட்டும் காணொளியைச் சேனல் 4 2013 நவம்பரில் வெளியிட்டது. பொய்யை உடைப்பதற்கு அக்காட்சி தேவைப்பட்டது. பன்னிரண்டு வயதுச் சிறுவன் பாலச்சந்திரனின் ஒளிப்படங்களும் அத்தகையனவே: ஒன்றில் அவன் மணல்மூட்டை அரணுள் உட்கார்ந்து எதையோ தின்கிறான், மற்றொன்றில் மார்பில் குண்டுத் துளைகளுடன் கிடக்கிறான். இரண்டிற்கும் இடையிலுள்ள வெற்றிடமே குற்றம். அது படமாக இல்லை. பார்ப்பவரின் மனமே அதனை நிரப்புகிறது.

வழக்குக்குத் தேவையான அளவு காட்டுதல் என்பது ஓர் எல்லை. அவ்வெல்லையைப் படம் பெரும்பாலும் மதிக்கிறது. நம் தரப்பு அதனை மதித்ததா என்பது ஐயத்திற்குரியது. தமிழ் இதழ்களிலும் சுவரொட்டிகளிலும் அதே பெண்ணின் உடல் எவ்வித மறைப்புமின்றி அச்சிடப்பட்டதையும் மேடைகளில் பெரிதாக்கி வைக்கப்பட்டதையும் நாம் கண்டோம். கொன்றவர் எடுத்த படத்தைக் கொல்லப்பட்டவரின் உறவினர் தெருவில் ஒட்டுவது எவ்வகை நினைவேந்தல்? மானத்தைப் பற்றி இத்துணைப் பாடல்களைக் கொண்ட ஓர் இலக்கியத்தின் வாரிசுகள் இதில் தடுமாறியிருக்கக் கூடாது என்றே எழுதத் தோன்றுகிறது.

மேடையில் சொல்லப்படாதவை

படம் விடுதலைப் புலிகளின் குற்றங்களையும் குறிப்பிடுகிறது. தப்பிச் செல்ல முயன்ற மக்கள் மீது அவர்கள் சுட்டமை, சிறுவரைக் கட்டாயமாகப் படையில் சேர்த்தமை, மக்களை அரணாக வைத்திருந்தமை ஆகியவை ஐ.நா. பொதுச்செயலாளர் நியமித்த வல்லுநர் குழுவின் 2011ஆம் ஆண்டு அறிக்கையிலும் இடம்பெற்றுள்ளன. படத்தில் இப்பகுதி சுருக்கமானது. அச்சுருக்கம் ஒரு குறையே. இருபுறமும் அடைபட்ட மக்களின் நிலை விரிவாகக் காட்டப்பட்டிருந்தால் அரசின் மீதான குற்றச்சாட்டு தளர்ந்திருக்காது, வலுப்பெற்றே இருக்கும். ஏனெனில் தப்ப இயலாத மக்கள் என்று அறிந்தே அவர்கள் மீது எறிகணை வீசப்பட்டது என்பதே குற்றத்தின் கனத்தைக் கூட்டுகிறது.

படம் சுருக்கமாகவேனும் கூறியதை, படத்தைப் போற்றும் மேடைகள் பல முற்றிலும் விட்டுவிட்டன. மலேசியத் தமிழ் மேடைகளும் இதற்கு விலக்கல்ல. மகனைப் பறிகொடுக்க மனமின்றி ஒளித்து வைத்த வன்னித் தாயின் அச்சத்தைப் பேசினால் பகைவனுக்குத் துணைபோவதாகிவிடும் என்னும் கருத்து இங்கே நிலவியது. அத்தாய் இரு தரப்பினரின் வீரக்கதையிலும் இடம்பெற மாட்டாள். அவளுக்கு இடம் தராத நினைவு, படுகொலையின் நினைவாக இராமல் போரின் நினைவாகவே எஞ்சும்.

எண்களைப் பற்றியும் சில சொல்ல வேண்டும். போர்ப்பகுதியில் ஏறத்தாழ 70,000 பேரே உள்ளனர் என்று அரசு கூறியபோது, அங்கிருந்த அரசு அலுவலரின் கணக்கு 330,000ஐ எட்டியிருந்தது. உணவும் மருந்தும் சிறிய எண்ணுக்கேற்ப அனுப்பப்பட்டன. வல்லுநர் குழு 40,000 வரையிலான பொதுமக்கள் இறந்திருக்கலாம் என்றது, ஐ.நா.வின் 2012 உள்ளக மீளாய்வு 70,000ஐயும் தாண்டியிருக்கக்கூடும் என்றது. மன்னார் ஆயர் இராயப்பு யோசேப்பு 2011 சனவரியில் அரசின் நல்லிணக்க ஆணைக்குழுவிடம் முன்வைத்த கணக்கு இவற்றினின்றும் வேறுபட்டது: 429,059 பேரிலிருந்து வெளியேறி வந்த 282,380 பேரைக் கழித்தால் 146,679 பேரைப் பற்றிய விவரம் இல்லை. இறந்தோர் தொகை என்று அவர் அதனைச் சொல்லவில்லை. எங்கே என்று கேட்டார். நம் கட்டுரைகளில் அது இறந்தோர் எண்ணிக்கையாக எழுதப்படுவது தவிர்க்கப்பட வேண்டும். அரசு, ஐ.நா. ஆகியவற்றின் கணக்குகளைக் கொண்டு ஆயர் செய்த அக்கழித்தலில் இருக்கும் கூர்மை, எண்ணை மாற்றிப் பொருள்கொண்டால் மழுங்கிவிடும்.

மலேசியாவில் படத்திற்கு நேர்ந்தது

2013 சூலை 3ஆம் நாள் கோலாலம்பூர் சிலாங்கூர் சீனர் பேரவை மண்டபத்தில் இப்படம் திரையிடப்பட்டபோது அதிகாரிகள் வந்தனர். திரையிடலை ஏற்பாடு செய்த கோமாஸ் அமைப்பின் லீனா ஹென்றி மீது, 2002ஆம் ஆண்டுத் திரைப்படத் தணிக்கைச் சட்டத்தின் 6ஆம் பிரிவின்கீழ் அவ்வாண்டு செப்டம்பரில் குற்றம் சாட்டப்பட்டது. 2016 மார்ச்சில் அவர் விடுவிக்கப்பட்டார். உயர்நீதிமன்றம் அதே ஆண்டில் அத்தீர்ப்பை மாற்றியது. 2017 பெப்ரவரியில் குற்றவாளி எனத் தீர்ப்பாகி, மார்ச்சில் 10,000 ரிங்கிட் தண்டம் விதிக்கப்பட்டது. இவ்வழக்கில் படத்தின் உண்மை பொய்மை ஆராயப்படவே இல்லை. தணிக்கைக்கு உட்படாத படத்தைக் காட்டியதே குற்றம். இந்தியாவிலும் 2014இல் தணிக்கைச் சான்று மறுக்கப்பட்டது; இயக்குநர் பின்னர் இந்தியா, மலேசியா உள்ளிட்ட நாடுகளில் இணையவழி இலவசமாகக் காணச் செய்தார். ஆகவே இந்நாட்டில் இப்படத்தைக் கண்டோரில் பலர் தனியே, சிறு திரையில், வீட்டு அறையில் கண்டவர்கள். மண்டபத்தில் பலரோடு இருந்து காண்பதற்கும் இதற்கும் வேறுபாடு மிகப்பெரிது. துக்க வீட்டிற்குத் தனியே சென்று எவரிடமும் கைகொடுக்காமல் திரும்புவதை ஒத்தது இது.

சயாமுக்குப் போனவர்கள்

வன்னியின் படுகொலை நமக்குத் தொலைவானது என்று கருதும் மாணவர் உளர். அவர்களுக்குக் காட்ட வேண்டியது நம் தோட்டப்புறத்தையே. இக்கட்டுரையாளர் வளர்ந்த பத்து காவான் வட்டாரம் இன்று முற்றிலும் வேறு தோற்றம் கொண்டுள்ளது. 2014இல் திறக்கப்பட்ட இரண்டாம் பாலம், மாநில விளையாட்டரங்கு, தொழிற்பேட்டை, ஐக்கியா கடை எனப் பெருகியுள்ள அந்நிலத்தில் பழைய தோட்டத்தின் பெயரை நினைவூட்டித் தாங்கி நிற்பது தமிழ்ப்பள்ளியே. செபராங் பிறைத் தோட்டங்களின் முதியோரிடையே ‘சயாமுக்குப் போனவர்’ என்றொரு வழக்கு இருந்தது. ஒருவரை அவ்வாறு குறித்தால் மேற்கொண்டு எதுவும் கேட்கக் கூடாது என்பது பொருள். இறந்தார் என்று எவரும் சொல்வதில்லை.

ஜப்பானியர் 1942, 1943ஆம் ஆண்டுகளில் அமைத்த 415 கிலோமீட்டர் சயாம்–பர்மா ரயில் பாதைக்கு மலாயாத் தோட்டங்களிலிருந்து கொண்டுசெல்லப்பட்டோர் ஏறத்தாழ 75,000 பேர், பெரும்பான்மையோர் தமிழர். மூன்று மாத வேலை, நாளொன்றுக்கு ஒரு வெள்ளி என்று சொல்லி அழைத்தனர். ஆள் போதாதபோது பிடித்துச் சென்றனர். இலவசப் படக்காட்சி என்று கூட்டிக் கதவை அடைத்துப் பிடித்த செய்தியும் வாய்மொழி வரலாற்றில் உண்டு. காலராவும் பட்டினியும் அடியும் கொன்றவர்களின் சரியான தொகையை எவரும் எழுதி வைக்கவில்லை. காஞ்சனபுரி போர்க் கல்லறையில் நேச நாட்டுக் கைதிகளுக்கு 6,982 தனித்தனிக் கல்லறைகள் உள்ளன. அத்தோட்டத்தில் நம்மவர்க்கு ஒன்றுமில்லை. 1957இல் வெளிவந்து உலகமே பார்த்த குவாய் ஆற்றுப் பாலத் திரைப்படத்திலும் அவர்கள் இல்லை. ஆர். சண்முகத்தின் ‘சயாம் மரண ரயில்’, அ. ரெங்கசாமியின் ‘நினைவுச்சின்னம்’ ஆகிய மலேசிய நாவல்கள்தாம் நெடுங்காலம் அவர்களுக்குரிய ஆவணமாக இருந்தன. அண்மைக்காலத்தில், தமிழகத்துக் குழு ஒன்று எஞ்சியிருந்த முதியோரை நேர்கண்டு ஓர் ஆவணப்படம் எடுத்தது. 2023இல் காஞ்சனபுரியில் ஒரு நடுகல்லும் எழுப்பப்பட்டது.

இவ்விரு வகை ஆவணப்படங்களையும் அருகருகே வைத்துக் காணும்போது ஒன்று புலனாகிறது. சயாம் பற்றிய படத்தில் காட்டுவதற்குக் காட்சியில்லை; அன்று தோட்டத் தொழிலாளரை எவரும் படமெடுத்து வைக்கவில்லை. எனவே முதியவர் பேசுகிறார், நாம் கேட்கிறோம். அவர் குரலே படத்தைத் தாங்குகிறது. வன்னிப் படத்திலோ காட்சி மிகுந்துள்ளது. குரல் அடியில் அமிழ்ந்துள்ளது. கலைத்திறனில் முந்தையது எளியது, ஓரிடத்தில் நின்று சுற்றுவது. ஆயினும் அதனைக் காணும் தமிழர் அழைக்கப்பட்டவராக உணர்கிறார். வன்னிப் படத்தைக் காணும்போது, தம் வீட்டுத் துக்கம் பிறர் மன்றத்தில் நன்கு வாதிடப்படுவதைப் பின்வரிசையிலிருந்து கேட்பவராகிறார்.

மற்றொரு வேறுபாடு தேதியைப் பற்றியது. சயாமுக்குப் போனவர் இறந்த நாள் தெரியாது. ஆகவே திதி கிடையாது. இறந்த நாள் அறியப்படாதவர்களுக்கென மரபு ஒதுக்கிய மகாளய அமாவாசையில் சில குடும்பங்கள் படையலிட்டன. வேறு சில குடும்பங்கள், அவர் ஒருவேளை திரும்பி வரலாம் என்னும் எண்ணத்தில் அதுவும் செய்யவில்லை. வன்னிக் காணொளிகளிலோ கோப்பில் பதிந்த நாளையும் நேரத்தையும் வல்லுநர்கள் ஆராய்ந்தனர். வழக்கறிஞருக்கு அது சான்றின் தரம் பற்றிய வினா. பிள்ளையைத் தேடும் தாய்க்கோ அதே எண்கள் திதி. ஒரே தேதியை இருவேறு தேவைகளுக்காக இருவர் நோக்குகின்றனர் என்பதைப் படம் ஓரிடத்திலும் உணர்ந்ததாகத் தெரியவில்லை. மூதாதையர்க்குக் கடனாற்றுவாரை இன்னும் பெறாதோரைத் தனியே குறித்துக் காக்கச் சொன்ன நெட்டிமையாருக்கு அது விளங்கியிருக்கும்.

நினைவேந்தலை ஊர்மக்கள் தம் வழியில் நடத்தி வருகின்றனர். கடைசி நாள்களில் கிடைத்த அரிசியும் நீரும் மட்டுமான முள்ளிவாய்க்கால் கஞ்சி ஒவ்வொரு மே மாதமும் காய்ச்சப்படுகிறது. 2024இல் சம்பூரில் கஞ்சி வழங்கியமைக்காகப் பெண்கள் கைதுசெய்யப்பட்டனர். யாழ்ப்பாணப் பல்கலைக்கழக வளாகத்தில் இருந்த நினைவுச்சின்னம் 2021 சனவரியில் இரவோடிரவாக இடிக்கப்பட்டு, எதிர்ப்புக்குப்பின் அவ்வாண்டிலேயே மீண்டும் எழுப்பப்பட்டது. படத்தைத் தடுத்தவர்கள் கஞ்சிக்கும் அஞ்சுகின்றனர் என்பது எது வலியது என்பதைக் காட்டுகிறது.

பல்கலைக்கழகத் தமிழ்த்துறைகள் செய்யக்கூடிய பணி ஒன்றுண்டு. அது பெரிய நிதி வேண்டாதது. இப்படங்களின் ஒலித்தடத்தில், ஆங்கில வருணனைக்கு அடியில் கேட்கும் தமிழ் முழுவதையும், யார் யாரிடம் சொல்வது என்னும் குறிப்புடன் எழுத்தில் பெயர்த்தல் வேண்டும். பதுங்குகுழிப் பெண்ணின் வினா ஓர் ஆங்கில வரியாகவே உலகைச் சுற்றியுள்ளது. அவளுடைய சொற்களில், அவளுடைய வினைமுற்றுகளில், விளியில் அது கிடைக்க வேண்டும். செல்லடி, பங்கர், கிபிர் என்று போர் அம்மொழிக்குள் கொண்டுவந்த சொற்களும் அதில் பதிவாகும். மலேசியத் தமிழ்ச்செவிக்கு வன்னி வழக்கு எளிதில் பிடிபடாது. அவ்வழக்கைப் பிறப்பால் பேசுபவர் ஒருவர் அருகிலிருந்து கேட்டுச் சொல்ல வேண்டும். அத்தகையோர் நம்மிடையே உள்ளனர். அகதிகளாகப் பதிந்து இந்நாட்டில் ஆண்டுக்கணக்கில் காத்திருக்கும் ஈழத்தமிழர்கள் அவர்கள். சட்டப்படி அவர்களுக்கு வேலை செய்யும் உரிமையில்லை. அவர்களுடைய பிள்ளைகளுக்கு நம் தமிழ்ப்பள்ளிகளின் வகுப்பறையில் இடமுமில்லை.